விடியற்காலையில் பந்து எறிந்த பையன்

நம்ம பையன்களுக்குப் பந்து என்றாலே கால்பந்துதான். கூடைப்பந்தில் ஜோர்டான், கோபி பெயரைச் சொல்வார்கள், அதோடு சரி. நான் சொல்ல வந்தது டிராஷென் பெட்ரோவிச்சைப் பற்றி.

1964-இல் அன்றைய யுகோஸ்லாவியாவில், ஷிபெனிக் என்ற கடற்கரை ஊரில் பிறந்தவர். இன்று அந்த ஊர் குரோவேஷியாவில் இருக்கிறது. அண்ணன் அலெக்சாண்டரும் ஆட்டக்காரர். அவர் பின்னாலேயே போய்ப் பழகியவர் தம்பி. விடியற்காலையில், பள்ளிக்குப் போகுமுன், ஆளில்லாத அரங்கத்தில் தனியாக நூற்றுக்கணக்கான முறை கூடைக்குப் பந்து எறிவாராம். அவரிடம் எனக்குப் பிடித்ததே இதுதான்.

1983-இல், 18 வயதில், லீக் இறுதி ஆட்டத்தின் கடைசியில் இரண்டு ஃப்ரீ த்ரோ போட்டு ஷிபெனிக்கை ஜெயிக்க வைத்தார். மறுநாளே அந்த முடிவு ரத்து! மறு ஆட்டத்துக்கு ஷிபெனிக் போகவில்லை. கிண்ணம் சரயேவோவின் போஸ்னா அணிக்குப் போனது. அந்த வயசில் நானாக இருந்தால் பந்தையே தொட்டிருக்க மாட்டேன். அவரோ பிறகு சாக்ரெபின் சிபோனா அணியோடு 1985, 1986 இரண்டு வருடமும் ஐரோப்பிய சாம்பியன் ஆனார்.

1989-இல் அமெரிக்காவுக்குப் போனார். ஐரோப்பாவின் ராஜாவைப் போர்ட்லாண்ட் அணி பெரும்பாலும் பெஞ்சில்தான் உட்கார வைத்தது. அந்த நாட்களில் போனில் ஆறுதல் சொன்னவர் விளாடி டிவாட்ஸ். செர்பியர்; லேக்கர்ஸ் ஆட்டக்காரர்; யுகோஸ்லாவிய அணியில் பெட்ரோவிச்சின் அறைத் தோழர்.

1990-இல் யுகோஸ்லாவியா உலகக் கிண்ணத்தை வென்றதும், ஒரு ரசிகர் குரோவேஷியக் கொடியோடு உள்ளே ஓடிவந்தார். டிவாட்ஸ் அந்தக் கொடியைப் பறித்தார். இது எல்லோருக்கும் சேர்ந்த வெற்றி என்பது அவர் எண்ணம். அடுத்த வருடம் போர் வந்தது. ஷிபெனிக் மேலும் குண்டு விழுந்தது. பெட்ரோவிச் நண்பரோடு பேசுவதையே நிறுத்திவிட்டார். யார் பக்கம் நியாயம் என்று இங்கே உட்கார்ந்துகொண்டு நான் எப்படிச் சொல்ல?

ஆட்டம் மட்டும் நிற்கவில்லை. 1991-இல் நியூ ஜெர்சி நெட்ஸ் அணிக்கு மாறி, அடுத்த இரண்டு சீசனிலும் ஆட்டத்துக்குச் சராசரி 20 புள்ளிக்கு மேல் எடுத்தார். 1992 பார்சிலோனா ஒலிம்பிக்கில் புதிய நாடான குரோவேஷியாவுக்கு வெள்ளிப் பதக்கம். இறுதியில் எதிரே நின்றது ஜோர்டானின் அமெரிக்க அணி!

1993 ஜூன் 7, ஜெர்மனியில் மழை பெய்த நெடுஞ்சாலையில் கார் விபத்து. பெட்ரோவிச் போய்விட்டார். வயது 28.

அவருடைய 3-ஆம் எண் சட்டையை நெட்ஸ் அணியில் இனி யாரும் போட முடியாது. சாக்ரெபில் அவர் பெயரில் அரங்கமும் அருங்காட்சியகமும் இருக்கின்றன. 2010-இல் வெளிவந்த ஓர் ஆவணப்படத்துக்காக டிவாட்ஸ் அந்த ஊருக்குப் போனார். பெட்ரோவிச்சின் அம்மாவைப் பார்த்துப் பேசினார். கல்லறைக்குப் போய், இருவரும் சேர்ந்திருந்த ஒரு பழைய படத்தை அங்கே வைத்துவிட்டு வந்தார்.