இந்தியப் படங்களை இயக்கிய ஜெர்மானியர்

இந்தித் திரையுலகின் தொடக்க காலத்தில் பெரிய வெற்றி கண்ட படங்கள் சிலவற்றை இயக்கியவர் ஒரு ஜெர்மானியர். அவருக்கு இந்தி தெரியாது. ஃபிரான்ட்ஸ் ஓஸ்டன் என்ற அந்தப் பெயரைத் திரைப்படக் கல்வி பயிலும் மாணவர்கள்கூட அதிகம் கேள்விப்பட்டிருக்க மாட்டார்கள். அவருடைய வாழ்க்கை வியப்பைத் தருகிறது, கூடவே ஒரு சங்கடமான கேள்வியையும் எழுப்புகிறது. அதனால்தான் இந்த வாரம் அவரைப் பற்றி எழுதுகிறேன்.

ஓஸ்டன் 1876 டிசம்பர் 23ஆம் தேதி மியூனிக் நகரில் பிறந்தார். இயற்பெயர் ஃபிரான்ட்ஸ் ஓஸ்டர்மயர். தந்தை புகைப்படக் கலைஞர், மகனும் அதே தொழிலைக் கற்றார். 1907இல் தம்பி பீட்டருடன் சேர்ந்து ஊர் ஊராகச் சென்று படம் காட்டும் தொழிலைத் தொடங்கினார். 1911இல் தம் முதல் கதைப்படத்தை இயக்கினார். முதல் உலகப் போருக்குப் பிறகு மியூனிக்கின் எமெல்கா நிறுவனத்திற்காகப் பல மௌனப் படங்களை எடுத்தார். அதோடு நின்றிருந்தால் ஜெர்மனிக்கு வெளியே அவரை யாரும் அறிந்திருக்க மாட்டார்கள்.

1924இல் ஹிமான்ஷு ராய் என்ற வங்காள இளைஞர் மியூனிக் வந்தார். சட்டம் படித்துவிட்டு நாடகத்திலும் திரைப்படத்திலும் நாட்டம் கொண்டவர் அவர். புத்தரின் வாழ்க்கையைப் படமாக்க வேண்டும் என்பது அவர் கனவு. எமெல்கா இசைந்தது. இயக்குநரும் ஒளிப்பதிவாளர்களும் கருவிகளும் ஜெர்மனியிலிருந்து வரும், நடிகர்களும் படப்பிடிப்பு இடங்களும் ராயின் பொறுப்பு என்று முடிவானது. 1925இல் ஓஸ்டன் கப்பலேறினார். அப்போது அவருக்கு வயது 48.

‘ஆசிய ஜோதி’ என்ற பொருள்படும் தலைப்பில் அந்தப் படம் அதே ஆண்டு வெளிவந்தது. ராயே புத்தராக நடித்தார். ஓஸ்டன் செயற்கை அரங்குகளை நம்பவில்லை. உண்மையான அரண்மனைகள், கோயில்கள், தெருக்கள் ஆகியவற்றையே வெயில் வெளிச்சத்தில் படம் பிடித்தார். ஜெய்ப்பூர் மன்னர் யானைகளும் குதிரைகளும் தந்து உதவினார். மௌனப் படம் என்பதால் மொழி தடையாகவில்லை. ஐரோப்பிய ரசிகர்கள் இந்தியாவைத் திரையில் கண்டு வியந்தனர். தொடர்ந்து, தாஜ்மகாலைக் கட்டிய கலைஞனைப் பற்றிய கற்பனைக் கதையான ‘ஷிராஸ்’ 1928இல் வந்தது. மகாபாரதச் சூதாட்டத்தைத் தழுவிய ‘பகடை ஆட்டம்’ 1929இல் வந்தது.

பிறகு பேசும் படக் காலம் தொடங்கியது. ராயும் அவர் மனைவி நடிகை தேவிகா ராணியும் 1934இல் பம்பாயின் மலாட் பகுதியில் ‘பாம்பே டாக்கீஸ்’ நிறுவனத்தை அமைத்தனர். ஓஸ்டனை மீண்டும் அழைத்தனர். ஒளிப்பதிவாளர் யோசஃப் விர்ஷிங் உள்ளிட்ட ஜெர்மானியர்களும் வந்தனர். மௌனப் படத்தில் மொழி தேவைப்படவில்லை, இப்போதோ நடிகர்கள் இந்தியில் பேசினர். மற்றவர்கள் வசனத்தை விளக்கிச் சொல்ல, ஓஸ்டன் முகபாவத்தையும் அசைவையும் பார்த்து இயக்கினார். ஐந்தே ஆண்டுகளில் சுமார் 15 படங்களை முடித்தார்.

அவர் கணிப்பும் சில சமயம் பொய்த்தது. படச்சுருள் கூடத்தில் வேலை பார்த்த அசோக் குமாரை ராய் கதாநாயகனாக்க விரும்பியபோது, இந்த முகம் திரைக்கு ஒத்துவராது என்று ஓஸ்டன் கருதினார். ராய் விடவில்லை. அசோக் குமார் பின்னாளில் இந்தித் திரையின் மாபெரும் நட்சத்திரங்களில் ஒருவரானார்.

ஓஸ்டனின் புகழ்பெற்ற பேசும் படம் 1936இல் வந்த ‘அச்சுத் கன்யா’. ரயில்வே கேட் காப்பாளரின் மகளான ஒரு தாழ்த்தப்பட்ட பெண்ணும் ஒரு பிராமண இளைஞனும் காதலிக்கிறார்கள். பிறப்பைக் காரணம் காட்டி ஊர் அவர்களைப் பிரிக்கிறது. இறுதியில் ஓடிவரும் ரயிலை நிறுத்த முயன்று அந்தப் பெண் உயிரை விடுகிறாள். தீண்டாமைக்கு எதிராகத் துணிந்து பேசிய தொடக்க காலப் படங்களில் இது ஒன்று.

அதே 1936இல்தான் ஓஸ்டன் ஹிட்லரின் நாஜிக் கட்சியில் உறுப்பினரானார். அதற்கு முந்தைய ஆண்டுதான் யூதர்களும் ஜெர்மானியர்களும் மணம் புரிவதைத் தடை செய்யும் சட்டத்தை நாஜி அரசு கொண்டுவந்திருந்தது. பிறப்பால் மனிதரைப் பிரிப்பது கொடுமை என்று படம் எடுத்தவர், பிறப்பால் மனிதரைப் பிரிப்பதையே கொள்கையாகக் கொண்ட கட்சியில் இருந்தார். இதை எளிதாகக் கடந்துபோக என்னால் முடியவில்லை.

1939 செப்டம்பரில் இரண்டாம் உலகப் போர் மூண்டதும் இந்தியாவில் இருந்த ஜெர்மானியர்களைப் பிரிட்டிஷ் அரசு கைது செய்தது. ‘கங்கன்’ படத்தில் வேலை செய்துகொண்டிருந்த ஓஸ்டனும் பிடிபட்டார். பின்னர் விடுவிக்கப்பட்டு ஜெர்மனி திரும்பினார். அடுத்த ஆண்டு ராய் காலமானார். விர்ஷிங் போர் முடியும் வரை முகாம்களில் அடைபட்டுக் கிடந்தார். பிறகு இந்தியாவிலேயே தங்கி ‘மஹல்’, ‘பாகீஸா’ போன்ற படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தார். ஓஸ்டனின் இயக்குநர் வாழ்க்கையோ பம்பாயோடு முடிந்துபோனது. 1956 டிசம்பர் 2ஆம் தேதி பாட் ஐப்ளிங் என்ற ஊரில் தமது 79ஆம் வயதில் அவர் மறைந்தார்.

அவரது மௌனப் படங்கள் இன்று புதுப்பிக்கப்பட்டுள்ளன. ‘பகடை ஆட்ட’த்திற்கு நிதின் சாஹ்னியும், ‘ஷிராஸ்’ படத்திற்கு அனுஷ்கா சங்கரும் புதிய இசை அமைத்திருக்கிறார்கள்.

மாணவர்களே, வாய்ப்பு கிடைத்தால் அந்தப் படங்களைப் பாருங்கள். அறியாத மொழி, பழகாத வெயில், அந்நிய மண் ஆகியவற்றுக்கு நடுவே ஒருவர் எப்படித் தம் தொழிலைச் செய்தார் என்பதைக் கற்றுக்கொள்ளுங்கள். அதே சமயம், நல்ல கதை சொன்னவரெல்லாம் அந்தக் கதையின்படி வாழ்ந்தார் என்று எண்ணிவிடாதீர்கள். ‘அச்சுத் கன்யா’ சொன்ன செய்தி நல்ல செய்திதான். அதை எடுத்தவரே அதற்குச் செவிசாய்க்கவில்லை என்பதையும் சேர்த்தே நாம் படிக்க வேண்டும்.