பத்தாயிரம் வீடு கட்டிய அகதி

1985 இல் நான் பேர்லினுக்கு வந்தபோது எங்களை ஒரு பழைய கட்டடத்தில் விட்டார்கள். ஒரு அறையில் ஆறு பேர். யன்னலைத் திறந்தால் எதிர்ச் சுவர்தான் தெரியும். சில வருடங்களின் பின் பிறிற்ஸ் பகுதியில் வேலை கிடைத்தது. அங்கே லாடம் போல வளைந்து நிற்கும் ஒரு குடியிருப்பைக் கண்டு அப்படியே நின்றுவிட்டேன். நடுவிலே குளம், சுற்றிவர மரங்கள், விதம்விதமான நிறத்தில் கதவுகள். இதைக் கட்டினது ஆர் என்று விசாரித்தபோதுதான் புறூனோ ரவுட் என்ற பெயரை முதன்முதலாகக் கேள்விப்பட்டேன்.

1880 மே 4 இல் கோனிக்ஸ்பேர்க் நகரில் பிறந்தவர் அவர். 1914 இல் கொலோன் கண்காட்சியில் கட்டிய கண்ணாடி மண்டபம் அவருக்குப் பெயர் தேடிக் கொடுத்தது. 1919 இல் 'நகரத்தின் மகுடம்' என்ற நூலை வெளியிட்டார். பழைய ஊர்களின் நடுவில் கோயிலோ தேவாலயமோ உயர்ந்து நின்று ஊரை ஒன்றாக வைத்திருந்தது, இன்றைய நகரங்களுக்கு அப்படியொரு நடு இல்லை என்பதே அதன் சாரம். தென்னிந்தியக் கோயிற் படங்களையும் அதில் சேர்த்திருந்தார். கோயிலைச் சுற்றி வீதியும் வீடுமாய் வளர்ந்த எங்களுக்கு இது புதுக்கதையில்லை.

ரவுட் கனவோடு நின்றுவிடவில்லை. 1921 முதல் மக்டபேர்க் நகரின் கட்டட அதிகாரியாக இருந்து வீடுகளுக்கு நிறம் பூசுவித்தார். சிற்ப வேலைப்பாட்டுக்குக் காசு வேணும், நிறம் மலிவு என்பது அவருடைய எண்ணம். 1924 இல் பேர்லினில் தொழிற்சங்கங்கள் சார்ந்த கெஹாக் வீடமைப்பு நிறுவனத்தில் சேர்ந்தார். தொழிலாளர்கள் இருண்ட பின்வளவு வீடுகளில் நெருக்குப்பட்டிருந்த காலம் அது. வெளிச்சமும் காற்றும் குளியலறையும் உள்ள பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட வீடுகள் அவருடைய திட்டத்தில் எழுந்தன. மார்ட்டின் வாக்னரோடு சேர்ந்து 1925 இல் தொடங்கிய லாடக் குடியிருப்பில் மட்டும் ஏறத்தாழ 2,000 வீடுகள். ஆனாலும் மிக வறியவர்களுக்கு அந்த வாடகையும் கட்டுப்படியாகவில்லை.

1933 இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தவுடன் ரவுட் நாட்டைவிட்டு ஓடவேண்டி வந்தது. ஜப்பானில் மூன்றரை வருடம். அங்கே கட்டடம் கட்டும் வாய்ப்பு அநேகமாகக் கிடைக்கவில்லை. தகசாக்கி ஊரில் ஒரு கோயில் வளவுச் சிறுவீட்டிலிருந்து நூல்கள் எழுதினார், கைப்பணிப் பொருட்களுக்கு வடிவம் வரைந்தார். 1936 இல் துருக்கி அழைத்தது. இஸ்தான்புல்லில் பேராசிரியரானார், அங்காராவில் பல்கலைக்கழகக் கட்டடம் வரைந்தார். 1938 டிசம்பர் 24 இல் 58 வயதில் இஸ்தான்புல்லில் காலமானார். அங்கேயே அடக்கம் செய்யப்பட்டார். ஊர் திரும்பவே இல்லை.

2008 இல் யுனெஸ்கோ பேர்லினின் ஆறு குடியிருப்புகளை உலக மரபுரிமையாக ஏற்றது. அவற்றில் நான்கு ரவுட் வரைந்தவை.

ஊரில் எங்கட வீட்டுக் கதவு நீலம். இப்ப அந்த வீடு இல்லை. கதவின் நிறம் மட்டும் மறக்கவில்லை. பேர்லினில் இருப்பவர்கள் இந்தப் புத்தாண்டு விடுமுறைக்குப் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு ஒருக்கா போய்ப் பாருங்கோ. யூ 7 ரயிலில் பார்ஷிமர் அலேயில் இறங்கினால் கிட்டத்தான். கட்டினவரும் எங்களைப் போல ஒரு அகதி என்று பிள்ளைகளுக்குச் சொல்லுங்கோ.