ஓட்டுரிமைப் போரைப் படமாக்கிய ஹென்றி ஹாம்ப்டன்

அமெரிக்காவின் தென்பகுதியில் அலபாமா மாநிலம் இருக்கிறது. அங்கே செல்மா என்று ஒரு சிறு நகரம். 1965-ம் ஆண்டு மார்ச் 9-ந் தேதி, அந்த ஊர்ப் பாலத்தில் பெரிய ஊர்வலம் ஒன்று சென்றது. அதில் 25 வயது வாலிபர் ஒருவர் நொண்டியபடி நடந்தார். எதிரே போலீஸ் படை நின்றது. தடியடி நடந்தால் அவரால் ஓட முடியாது. ஆனாலும் அவர் திரும்பவில்லை.

அவர்தான் ஹென்றி ஹாம்ப்டன்.

டாக்டர் மகன்

ஹாம்ப்டன் கறுப்பினத்தவர். 1940-ல் செயின்ட் லூயிஸ் நகரில் பிறந்தார். தந்தை பெரிய டாக்டர். மகனுக்கு 15 வயதானபோது இளம்பிள்ளை வாதம் வந்தது. ஒரு கால் செயலற்றுப் போயிற்று. டாக்டர் படிப்பில் சேர்ந்த ஹாம்ப்டன், அதைப் பாதியில் விட்டார். பிறகு பாஸ்டன் நகரில், மத சபை ஒன்றின் செய்திப் பிரிவில் வேலை பார்த்தார்.

பாலத்தில் ரத்தம்

அப்போது செல்மாவில் கறுப்பின மக்களுக்கு ஓட்டுரிமை ஏட்டில் மட்டுமே இருந்தது. வாக்காளர் பட்டியலில் பெயர் சேர்க்கப் போனால், கடினமான கேள்விகள் கேட்டுத் திருப்பி அனுப்பினார்கள். இதை எதிர்த்து மார்ச் 7-ந் தேதி ஊர்வலம் சென்றவர்களைப் பாலத்தருகே போலீசார் அடித்து நொறுக்கினர்.

மார்ட்டின் லூதர் கிங் உதவிக்கு அழைத்தார். பாதிரிமார் பலர் விரைந்தனர். ஹாம்ப்டனும் சென்றார். 9-ந் தேதி ஊர்வலத்தினர் பாலத்தைக் கடந்து, மண்டியிட்டுப் பிரார்த்தித்துத் திரும்பினர். அன்றிரவு ஜேம்ஸ் ரீப் என்ற வெள்ளைக்காரப் பாதிரியாரைச் சிலர் தாக்கினர். அவர் இரண்டு நாளில் இறந்தார். ஆகஸ்டு 6-ந் தேதி ஓட்டுரிமைச் சட்டம் வந்தது.

20 ஆண்டு முயற்சி

இந்தக் கதையைப் படமாக்க வேண்டும் என்ற எண்ணம், பாலத்தில் நடந்தபோதே ஹாம்ப்டனுக்குத் தோன்றியது. 1968-ல் ‘பிளாக்சைடு’ என்ற படக்கம்பெனி தொடங்கினார். முதல் முயற்சி தோற்றது. பணம் கிடைக்கவில்லை. அவர் விடவில்லை.

1987-ல் ‘ஐஸ் ஆன் தி பிரைஸ்’ டெலிவிஷனில் வந்தது. ‘இலக்கிலேயே கண்’ என்பது அதன் பொருள். பேராசிரியர்களின் விளக்கம் அதில் இல்லை. போராடியவர்களும் எதிர்த்தவர்களுமே பேசினார்கள். கறுப்பர், வெள்ளையர், ஆண், பெண் எல்லோரும் சேர்ந்து எடுத்த படம் அது. கோடிக்கணக்கானோர் பார்த்தார்கள். செல்மா பாலத்தைப் பற்றிய பகுதி ஆஸ்கார் பரிசுப் போட்டிக்கும் தேர்வாயிற்று. 1990-ல் இரண்டாம் தொடரும் வந்தது.

பூட்டிய படம்

பழைய செய்திப் படங்களைச் சில ஆண்டுகள் பயன்படுத்தவே உரிமை வாங்கப்பட்டிருந்தது. கெடு முடிந்ததும், தொடரை மீண்டும் ஒளிபரப்ப முடியாமல் போயிற்று. அந்த நிலையிலேயே, 1998-ம் ஆண்டு நவம்பர் 22-ந் தேதி, 58-வது வயதில் ஹாம்ப்டன் காலமானார்.

பிறகு நன்கொடை திரட்டி உரிமைகள் புதுப்பிக்கப்பட்டன. 2006-ல் அந்தப் படம் மீண்டும் வீடுகளுக்கு வந்தது. ஒரு ஓட்டுக்காகத் தாத்தாவும் பாட்டியும் பட்ட அடியைப் பேரப்பிள்ளைகள் கண்ணால் கண்டார்கள்.