வேண்டாம் என்று சொன்ன மார்லின்

நடிகைன்னா மேக்கப், கார், பங்களா... அவ்வளவுதான்னு நாம நினைக்கிறோம். ஆனால் ஹிட்லரின் ஆட்சி கூப்பிட்டும் வர மறுத்த நடிகை ஒருவர் உண்டு. அவர்தான் ஜெர்மனியின் மார்லின் டீட்ரிச்!

1901 டிசம்பர் 27ல் பெர்லினில் பிறந்தார். அப்பா போலீஸ் அதிகாரி. மார்லின் சிறுமியாக இருக்கும்போதே இறந்துவிட்டார். வயலின் கலைஞராக வேண்டும் என்பதுதான் மார்லினின் ஆசை. மணிக்கட்டுக் காயம் அதற்கு முற்றுப்புள்ளி வைத்தது. சோர்ந்து உட்காரவில்லை. மேடையில் கும்பலோடு ஆட்டம், படங்களில் துக்கடா வேஷம் என்று வருஷங்கள் ஓடின.

1929ல் மேடையில் அவரைப் பார்த்த டைரக்டர் ஜோசப் வான் ஸ்டெர்ன்பெர்க், 'நீல தேவதை' படத்தில் இரவு விடுதிப் பாடகி வேஷம் கொடுத்தார். 1930 ஏப்ரல் 1ல் பெர்லினில் முதல் காட்சி. ஒரே கைதட்டல்! அன்றிரவே அமெரிக்காவுக்குப் புறப்பட்டுவிட்டார். அங்கே நடித்த 'மொராக்கோ' ஆஸ்கார் பரிந்துரை வரை கொண்டுபோனது.

1933ல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். திரும்பி வந்தால் ராணி மாதிரி வாழலாம் என்று நாஜிகள் தூது விட்டார்கள். பெற்ற தாய் பெர்லினில். அமெரிக்காவிலோ மார்க்கெட் சரிந்துகொண்டிருந்த நேரம். வேறு யாராவது என்றால் போயிருப்பார்கள். மார்லின் மறுத்தார். 1939ல் அமெரிக்கக் குடியுரிமை பெற்றார்.

1944, 45ல் ராணுவ உடுப்பு மாட்டிக்கொண்டு, இத்தாலியிலும் பிரான்சிலும் போர்முனைக்குப் பக்கத்திலேயே நேச நாட்டு வீரர்களுக்காகப் பாடினார். போர் முடிந்து 1945 செப்டம்பரில் அம்மாவைப் பார்த்தார். நவம்பரில் அம்மா இறந்தார். 1947ல் அமெரிக்கா சுதந்திரப் பதக்கம் கொடுத்தது.

சொந்த ஊர் என்ன கொடுத்தது தெரியுமா? 1960ல் பாட வந்தவரை, திரும்பிப் போ என்று அட்டை பிடித்து வரவேற்றார்கள். துரோகி என்றார்கள். ஒரு பெண் காறித் துப்பினாள். அதற்காக அவர் மேடையை ரத்து செய்யவில்லை. பாடி முடித்துவிட்டுத்தான் போனார். அதே வருஷம் இஸ்ரேலில், ஜெர்மன் மொழியை மேடையில் கேட்கவே விரும்பாத மக்கள் முன்னால், ஜெர்மன் பாட்டையே பாடி மனசை ஜெயித்தார்.

1973ல் அவருடைய பாட்டுக் கச்சேரி டெலிவிஷனிலும் வந்தது. 1975ல் சிட்னி மேடையில் விழுந்து தொடை எலும்பு முறிந்தது. அதோடு மேடை வாழ்க்கை முடிஞ்சுபோச்சு. கடைசி வருஷங்களில் பாரிஸ் வீட்டில் படுத்த படுக்கை. தன் முதுமையைப் படம் பிடிக்க யாரையும் விடவில்லை. 1992 மே 6ல், 90 வயதில் மறைந்தார்.

விரட்டிய அதே பெர்லினில்தான் அவரை அடக்கம் செய்தார்கள், அம்மாவின் கல்லறை இருக்கும் இடுகாட்டிலேயே. 2002ல் அந்த நகரம் அவரைக் கௌரவக் குடிமகளாக அறிவித்தது. மார்லின் உயிரோடு இருந்து அதைப் பார்க்கவில்லை.

நண்பர்களே, சரி என்று தலையாட்டுவது சுலபம். வேண்டாம் என்று சொல்லிவிட்டு, அதற்கான விலையையும் முணுமுணுக்காமல் கொடுப்பதுதான் கஷ்டம். மார்லின் கொடுத்தார்!