குறிஞ்சிக் கவிஞர் கபிலர்: காதலைப் பாடியவர் மலையை இழந்த கதை

வேள்பாரி என்றதும் முல்லைக்கொடிக்குத் தேர் கொடுத்த கதை ஞாபகம் வரும். அந்தப் பாரியின் உயிர் நண்பர்தான் கபிலர். சங்கப் புலவர்களில் அதிகப் பாடல்கள் இவர் பெயரில்தான் இருக்கின்றன, 200-க்கும் மேல். அதில் பெரும்பாலானவை காதல் பாட்டு. அதிலும் குறிப்பாக, மலையில் நடக்கும் காதல்.

ஏன் மலை?

சங்கக் காதல் பாடல்களில் நிலத்துக்கு ஒரு வேலை உண்டு. மலையும் மலை சார்ந்த இடமும் குறிஞ்சி; அங்கே காதலர் கூடுவார்கள். காடான முல்லையில் காத்திருப்பு. வயல் சூழ்ந்த மருதத்தில் ஊடல். கடற்கரையான நெய்தலில் ஏக்கம். வறண்ட பாலையில் பிரிவு. சிம்பிளா சொன்னா, லொகேஷனைச் சொன்னாலே சீன் புரிந்துவிடும். மலை, நள்ளிரவு, குளிர்காலம் என்றால் இருவர் வீட்டுக்குத் தெரியாமல் சந்திக்கிறார்கள் என்று அர்த்தம்.

இதில் கபிலரை அடிச்சுக்க ஆளில்லை. ஐங்குறுநூற்றின் குறிஞ்சிப் பகுதியில் உள்ள 100 பாடல்களும் இவருடையவை. இவர் எழுதிய குறிஞ்சிப்பாட்டு 261 அடிகள் கொண்டது. பிரகத்தன் என்ற ஆரிய அரசனுக்குத் தமிழரின் காதல் நெறியை விளக்கவே இதைப் பாடினார் என்பது மரபு. தலைவியும் தோழியும் பறித்துக் குவித்ததாக இதில் 99 பூக்கள் வரிசையாக வருகின்றன.

ஆனால் அகப்பாட்டுக்கு ஒரு கண்டிஷன் உண்டு. காதலர்களின் பெயரைச் சொல்லக் கூடாது. யாருடைய காதலாகவும் அது இருக்கலாம்.

பெயர் உள்ள மலை

கபிலர் வாழ்ந்த மலைக்கோ பெயர் இருந்தது: பாரி ஆண்ட பறம்பு. சிவகங்கை மாவட்டத்தின் பிரான்மலைதான் அது என்று பரவலாகச் சொல்கிறார்கள்.

சேர, சோழ, பாண்டியர் மூவரும் சேர்ந்து பறம்பை முற்றுகையிட்டபோது கபிலர் பேசியது புறநானூற்றில் இருக்கிறது. பாரியின் 300 ஊர்களும் பரிசு கேட்டு வந்தவர்களுக்கு ஏற்கெனவே போய்விட்டன, மிச்சம் மலையும் நாங்களும்தான் என்கிறார். மூங்கில் நெல், பலா, வள்ளிக்கிழங்கு, தேன் நான்கும் உழாமலே கிடைக்கும், எங்களைப் பட்டினி போட முடியாது என்றும் சொல்கிறார். காதல் பாட்டில் பின்னணியாக வந்த அதே பலாவும் தேனும் இங்கே அரண் ஆகின்றன.

அந்த அரணும் தாங்கவில்லை. பாரி இறந்தார், பறம்பு போனது. பாரியின் மகள்களை அழைத்துக்கொண்டு கபிலர் கிளம்பினார். வழியில் திரும்பிப் பார்த்து மலையிடம் விடைபெறும் பாட்டும் உண்டு. அந்தப் பெண்களை மணந்துகொள்ளச் சொல்லி விச்சிக்கோனிடமும் இருங்கோவேளிடமும் கேட்டார். நடக்கவில்லை. கடைசியில் பார்ப்பனர் பொறுப்பில் அவர்களை ஒப்படைத்தார்.

எப்படி இறந்தார்?

வடக்கு நோக்கி அமர்ந்து, உண்ணாமல் உயிர்விட்டார் என்கிறது புறநானூற்றுக் குறிப்பு. திருக்கோவிலூரில் உள்ள முதலாம் ராஜராஜன் காலக் கல்வெட்டோ தீயில் இறங்கினார் என்கிறது. அங்கே தென்பெண்ணை ஆற்றுக்குள் கபிலர்கல் என்று ஒரு பாறையை இன்றும் காட்டுகிறார்கள்.

கூடலைப் பாடியவரின் வாழ்க்கை பிரிவில் முடிந்தது. அந்தப் பிரிவை அவர் அகத்தில் ஒளிக்காமல், புறத்தில் பெயர் சொல்லியே பாடினார். புறநானூறு 105 முதல் 120 வரை ஒரே மூச்சில் படித்துப் பாருங்கள். நடுவில் 112 மட்டும் பாரி மகளிர் பாடியது, மற்றதெல்லாம் கபிலர்.