வேதம் விளங்க எபிரேயம் கற்ற ஆலிம்
மௌலானா ஹமீதுத்தீன் ஃபராஹீ (ரஹ்)

ஹஜ்ஜுப் பெருநாள் வந்துவிட்டால் நம் வீட்டுச் சிறு பிள்ளைகள்கூட இஸ்மாயீல் (அலை) அவர்களின் தியாகத்தைப் பேசும். ஆனால் இப்ராஹீம் (அலை) அவர்கள் அறுத்துப் பலியிட முன்வந்தது இஸ்ஹாக் (அலை) அவர்களையே என்று யூதர்களும் கிறிஸ்தவர்களும் நம்புகின்றனர். நம் முற்கால முஃபஸ்ஸிர்களிலும் சிலர் அவ்வாறே கருதினர். இப்னு ஜரீர் தபரீ (ரஹ்) அவர்களும் அவர்களில் ஒருவர். யூதர்களின் வேதத்தைக் கொண்டே இதற்கு விடை கண்ட ஓர் ஆலிம் நம் நாட்டிலேயே வாழ்ந்தார்கள். அவர்கள்தாம் மௌலானா ஹமீதுத்தீன் ஃபராஹீ (ரஹ்).

உத்தரப் பிரதேசத்தின் ஆஸம்கர் மாவட்டத்திலுள்ள ஃபரீஹா என்ற கிராமத்தில் 1863ஆம் ஆண்டு நவம்பரில் பிறந்தார்கள். ஊர்ப் பெயரே பிற்காலத்தில் ஃபராஹீ என்று அவர்களுடன் ஒட்டிக்கொண்டது. சிறு வயதிலேயே திருக்குர்ஆனை மனனம் செய்து ஹாபிழானார்கள். ‘ஸீரத்துன் நபி’ எழுதிய அல்லாமா ஷிப்லீ நுஃமானீ (ரஹ்) இவர்களுக்கு நெருங்கிய உறவினர். அவர்களிடமே அரபி ஓதினார்கள். பின்னர் லாகூர் சென்று, அரபி இலக்கியத்தில் பேர்பெற்ற மௌலானா ஃபைளுல் ஹஸன் ஸஹாரன்பூரீ (ரஹ்) அவர்களிடம் பாடம் கேட்டார்கள். பழைய அரபுக் கவிதைகளில் அவர்களுக்கிருந்த ஆழ்ந்த புலமை அங்கே உரம் பெற்றது.

இத்தனையும் கற்றபின் அலிகர் கல்லூரியில் மாணவராகச் சேர்ந்தார்கள். அங்கே அரபியும் பாரசீகமும் கட்டாயப் பாடங்கள். கல்லூரிப் பேராசிரியர்களுக்கு நிகரான புலமை இவரிடம் உண்டு என்று ஸர் ஸையித் அஹ்மத் கான் பரிந்துரைத்ததால், அவ்விரண்டிலிருந்தும் விலக்களிக்கப்பட்டது என்பர். ஆயினும் ஸர் ஸையித் எழுதிய தஃப்ஸீரை அரபியில் பெயர்க்கும் பணி வந்தபோது, அதன் கருத்துகளில் உடன்பாடு இல்லாததால் ஃபராஹீ (ரஹ்) மறுத்துவிட்டார்கள் என்றும் கூறுவர். மதிப்பளித்த பெரியவராயினும் மார்க்க விஷயத்தில் மனதுக்குச் சரியென்று படாததற்குத் துணைபோகாத நெஞ்சுரம் இளமையிலேயே அவர்களிடம் இருந்தது. மேல்நாட்டுத் தத்துவத்தையும் அங்கேயே பேராசிரியர் ஆர்னால்டிடம் கற்றார்கள்.

1897 முதல் 1906 வரை கராச்சியின் ஸிந்து மத்ரஸத்துல் இஸ்லாமில் ஆசிரியராக இருந்தார்கள். பின்னர் அலிகர் கல்லூரிக்கே ஆசிரியராகத் திரும்பினார்கள். 1907இல் அங்கே அரபிப் பேராசிரியராக ஜெர்மனியிலிருந்து வந்தவர் யோசஃப் ஹொரோவிட்ஸ். யூத மதகுரு ஒருவரின் மகன். இப்னு ஸஅத் (ரஹ்) அவர்களின் ‘தபகாத்’ நூலைப் பதிப்பிக்கும் பணியில் பங்கு கொண்டவர். ஃபராஹீ (ரஹ்) அவர்களைவிட 11 வயது இளையவர். அப்போது ஃபராஹீ (ரஹ்) நாற்பதைக் கடந்தவர்கள், ஹாபிழ், ஆசிரியர். ஆயினும் அந்த இளையவரிடம் அமர்ந்து எபிரேய மொழி கற்றார்கள். மாற்று மதத்தவர் என்ற தயக்கமோ, வயதில் சிறியவர் என்ற கூச்சமோ குறுக்கே வரவில்லை. திருமறை தவ்றாத்தைப் பற்றிப் பல இடங்களில் பேசுகிறதே, அந்த மக்களின் வேதத்தை நேரடியாகப் படிக்காமல் எவ்வாறு பதில் சொல்வது என்பதே அவர்களுக்கிருந்த கவலை.

அந்த உழைப்பின் பயனைப் பலியிடப்பட இருந்தவர் யார் என்பது பற்றி அவர்கள் அரபியில் எழுதிய நூலில் காணலாம். யூதர்களின் வேதம், பலியிடக் கேட்கப்பட்டவரை இப்ராஹீம் (அலை) அவர்களின் ஒரே மகன் என்று குறிப்பிடுகிறது. அதே வேதத்தின் கணக்குப்படி, இஸ்மாயீல் (அலை) பிறந்தபோது தந்தைக்கு வயது 86. இஸ்ஹாக் (அலை) பிறந்தபோது 100. எனவே ஒரே மகனாக இருந்த காலம் இஸ்மாயீல் (அலை) அவர்களுக்கு மட்டுமே உண்டு. பலியிடம் என்று அதில் வரும் மோரியா என்பது மக்காவின் மர்வாவே என்றும் வாதிட்டார்கள். திருமறையின் ஸாஃப்பாத் ஸூராவிலோ, பலியின் வரலாறு முடிந்த பிறகே இஸ்ஹாக் (அலை) பற்றிய நற்செய்தி வருகிறது. எதிர்த் தரப்பாரை ஏசாமல், அவர்கள் ஏற்கும் ஆதாரத்தையே முன்வைத்துப் பேசிய முறை இது.

1908இல் அலஹாபாத் மியூர் கல்லூரிக்கும், 1914இல் ஹைதராபாத் தாருல் உலூமின் முதல்வராகவும் சென்றார்கள். 1919இல் அந்தப் பெரிய பதவியைத் துறந்து ஊர் திரும்பி, அருகிலுள்ள ஸராய்மீரில் மத்ரஸத்துல் இஸ்லாஹை வளர்ப்பதிலேயே எஞ்சிய நாட்களைச் செலவிட்டார்கள். அங்கே மற்ற கல்விகளெல்லாம் திருக்குர்ஆனைச் சுற்றியே அமைந்தன. ஒவ்வொரு ஸூராவுக்கும் ஒரு மையக் கருத்து உண்டு, ஆயத்துகள் அதனோடு கோத்த முத்துகள் போன்றவை என்பது அவர்களின் போதனை. அவர்களிடம் பாடம் கேட்ட மௌலானா அமீன் அஹ்ஸன் இஸ்லாஹீ, பிற்காலத்தில் ‘ததப்புரே குர்ஆன்’ என்ற விரிவுரையை அந்த வழியிலேயே எழுதினார்.

அவர்கள் கூறிய அனைத்தையும் உலமாக்கள் ஏற்றார்கள் என்றில்லை. யானைப் படையின் மீது கல்லெறிந்தோர் குறைஷிகள் என்றும், பறவைகள் பிணங்களைத் தின்னவே வந்தன என்றும் ஃபீல் ஸூராவுக்கு அவர்கள் தந்த விளக்கம் பெரும்பான்மையான முஃபஸ்ஸிர்களின் கூற்றுக்கு மாறானது. நாமும் பெரும்பான்மையோர் வழியிலேயே நிற்கிறோம். ஒரு விளக்கத்தை ஏற்க இயலாதபோதும் அந்த ஆலிமின் உழைப்பை மதிப்பதே நம் முன்னோர் காட்டிய ஒழுக்கம்.

சிகிச்சைக்காக மதுராவுக்குச் சென்றிருந்த இடத்தில், 1930 நவம்பர் 11ஆம் நாள் வஃபாத்தானார்கள். அவர்களின் எழுத்துகளில் பெரும்பகுதி அப்போது அச்சேறாமல் கையெழுத்தாகவே கிடந்தது. மாணவர்களே பின்னர் அவற்றை வெளியிட்டனர். எபிரேயம் கற்பித்த ஹொரோவிட்ஸும் அடுத்த மூன்று மாதங்களுக்குள், 1931 பிப்ரவரியில், ஜெர்மனியில் காலமானார்.

அன்பர்களே! ஓர் ஆயத்தின் பொருளைத் தெளிந்துகொள்ள அந்தப் பெரியவர் நாற்பது வயதுக்கு மேல் ஒரு புதிய மொழியையே கற்றார்கள். நாமோ நாள்தோறும் தொழுகையில் ஓதும் சின்னஞ்சிறு ஸூராக்களின் பொருளைக்கூட அறியாமல் காலம் கடத்துகிறோம். இன்றிரவு இஷாத் தொழுகைக்குப் பின் ஒரு ஸூராவை எடுத்து, முதல் ஆயத்திலிருந்து கடைசி ஆயத்துவரை பொருளுடன் ஓதி, வீட்டாருடன் அமர்ந்து சிந்திப்போமாக! அல்லாஹ் அந்த ஆலிமின் மண்ணறையை ஒளிமயமாக்கி, நமக்கும் தன் வேதத்தை விளங்கும் பாக்கியத்தைத் தந்தருள்வானாக! ஆமீன்.