நியான் விளக்கில் துடித்த இதயம்



யூ.ஜே.டி. ஆஸிலேட்டர் சோதனையை ரெக்கார்டு நோட்டில் எழுதி, கையெழுத்து வாங்கி, அதோடு மறந்தவன் நான். சென்ற ஆண்டு அப்பாவின் நாடி நிமிடத்துக்கு 38 ஆகக் குறைந்து, டாக்டர் ஹார்ட் பிளாக் என்றார். அம்மா கொழுப்பு அடைப்பு என்று நினைத்து அன்றைக்கே எண்ணெயை நிறுத்திவிட்டார். ஆபரேஷன் பேப்பரில் கையெழுத்துப் போட வீட்டில் எழுதப் படிக்கத் தெரிந்தவன் நான் ஒருத்தன்தான். அப்போது தேடிப் படித்ததுதான் பால்த்தசார் வான் டெர் பால் அவர்களின் வாழ்க்கை.

1889-ல் நெதர்லாந்தின் உட்ரெக்ட் நகரில் பிறந்தவர். இங்கிலாந்து சென்று ஃபிளெமிங்கிடமும் (நமக்குக் கைவிரல் விதி சொன்ன அதே ஃபிளெமிங்தான்!) ஜே.ஜே. தாம்சனிடமும் பயின்றார். 1922-ல் ஐண்ட்ஹோவனில் பிலிப்ஸ் ஆராய்ச்சிக் கூடத்தில் சேர்ந்தார். வேலை ரேடியோ வால்வுகளோடு. ஆனால் மனுஷன் அதோடு நிற்கவில்லை.

கெபாசிட்டர் மெல்ல மெல்ல சார்ஜ் ஆகும். குறிப்பிட்ட வோல்டேஜ் வந்ததும் நியான் விளக்கு பளிச்சென்று எரியும், சார்ஜ் இறங்கிவிடும், மறுபடி ஏறும். இந்த வகை அலைவுக்கு ரிலாக்சேஷன் ஆஸிலேஷன் என்று பெயரிட்டவர் இவரே. இதயமும் இப்படித்தான் துடிக்கிறது என்று அவருக்குத் தோன்றியது. 1928-ல் வான் டெர் மார்க் என்பவரோடு சேர்ந்து மூன்று நியான் சர்க்யூட்களை இணைத்தார். ஒன்று துடிப்பைத் தொடங்கும் சைனஸ் முனை, ஒன்று மேலறைகள், ஒன்று கீழறைகள்.

என்னை உலுக்கியது அடுத்த விஷயம். மேலறைக்கும் கீழறைக்கும் உள்ள இணைப்பைக் கொஞ்சம் குறைத்தார். கீழறை சில துடிப்புகளைத் தவறவிட்டது. முழுசாக அறுத்தார், மேலறை ஒரு வேகத்தில், கீழறை தன்பாட்டுக்கு மெதுவாக. அப்பாவுக்கு இருந்தது இதுதான். ரத்தக்குழாயில் ஒன்றும் அடைக்கவில்லை, சிக்னல்தான் போய்ச் சேரவில்லை! அம்மாவுக்கு இதைப் புரியவைக்க ஒரு ராத்திரி ஆச்சு.

பிறகு அவர் டெல்ஃப்டில் பேராசிரியராகவும், ஜெனீவாவில் சர்வதேச ரேடியோ ஆலோசனைக் குழுவின் இயக்குநராகவும் இருந்து 1959-ல் மறைந்தார். அதற்கு முந்தைய ஆண்டுதான் ஸ்டாக்ஹோமில் முதன்முதலாக ஒரு நோயாளியின் உடலுக்குள் பேஸ்மேக்கர் வைத்தார்கள்.

நான் கையெழுத்துப் போட்டேன். அப்பாவின் நாடி இப்போது 60-க்குக் கீழே இறங்குவதில்லை. அம்மா மறுபடி வடை சுடுகிறார்.